வரிசையில் நெரிடாவின் இடம்

டூலன்ஸ் ரீஃப் (புது ஊர்)
ஞாயிற்றுக்கிழமை

அன்பு மகள் நெரிடாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் உன் அம்மாவும் நோய்நொடி இல்லாமல் இருக்கிறோம். என் முழங்கால் மட்டும் மழை வரும் வரும் என்று சொல்லிக்கொண்டே இருக்கிறது, இந்த ஊரில் மழை எங்கே வருகிறது, அதனால் அதன் பேச்சை யாரும் காதில் வாங்குவதில்லை. நீ அந்த அபர்டீன் குளிரில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு, வேளைக்குச் சாப்பிட்டு, ஆஸ்பத்திரி வேலையில் உடம்பைக் கெடுத்துக்கொள்ளாமல் சுகமாக இருக்கிறாய் என்று நம்பித்தான் பேனாவை எடுத்திருக்கிறேன். இந்த முறை அம்மா எழுதவில்லையே என்று பார்க்காதே. நீயே எழுது என்று என் கையில் தாளைத் திணித்தது அவள்தான். ஏன் என்றால் இதில் உனக்குச் சொல்ல வேண்டிய ஒரு விஷயம் இருக்கிறது, அது உன் பெயரில் நான் செய்த காரியம், போனில் கத்திச் சொல்லக்கூடியது இல்லை. சுற்றி வளைக்காமல் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஊர் மறுபடியும் இடம் மாறிவிட்டது. மாறுவதற்கு முன்னால் கூட்டத்தில் என்னை எழுப்பி நிறுத்தி, உன் பொண்ணு நெரிடா திரும்பி வர்றாளா இல்லையா என்று கேட்டார்கள். நான் இல்லை என்று சொன்னேன். வீட்டு வரிசையில் உன் இடத்தை மூடிவிட்டார்கள். உடனே தாளைக் கசக்கிப் போட்டுவிடாதே, முழுவதையும் படி.

போன கடிதத்தில், அங்கே யாரோ ஒருவர் நம் ஊரின் கதையைக் கேட்கிறார், உனக்குச் சரியாகச் சொல்ல வரவில்லை, அதனால் அப்பா எழுதி அனுப்பு என்று கேட்டிருந்தாய். யாரோ ஒருவர் என்ற அந்த இரண்டு வார்த்தையை உன் அம்மா கண்ணாடியை ஏற்றி இறக்கி எத்தனை தரம் படித்தாள் என்று சொன்னால் நீ சிரிப்பாய். அந்த யாரோவுக்காகவும் சேர்த்தே எழுதுகிறேன், நீ உனக்குத் தெரிந்ததைத் தாண்டிப் படித்துக்கொள். இந்தப் பக்கத்து ஊர்க்காரன் எவனைக் கேட்டாலும் தொலைந்துபோன குதிரையைத் தேடிப் போன இடத்தில் தங்கம் கிடைத்தது என்பான். நம் ஊரில் குதிரை இல்லை, ஒட்டகம். கைர் முகமது என்ற ஆப்கானியர் தண்ணீர்ப் பீப்பாய்களை ஏற்றிக்கொண்டு போகும்போது ஒட்டகம் ஒன்று படுத்துக்கொண்டு எழுந்திருக்க மாட்டேன் என்று அடம்பிடித்திருக்கிறது. அதை எழுப்பக் கல்லை எடுத்தவர் கையில் இருந்த கல் மினுங்கியது. ஆனால் அந்தக் காலத்துச் சட்டப்படி ஆப்கானியர் பெயரில் சுரங்க நிலம் பதிய முடியாது. கூடப் போன வெள்ளைக்காரன் டூலனுக்கு முடியும். அதனால் மினுங்கிய கல்லைப் பார்த்தது ஒருவர், ஊருக்குப் பெயர் இன்னொருவர். கைர் முகமது நம் கல்லறைத் தோட்டத்தின் ஓரத்தில், மற்ற எல்லாரும் பார்க்கும் திசையை விட்டு வேறு திசை பார்த்துப் படுத்திருக்கிறார். அவருக்கும் முன்னால் அந்தப் பாறைக்கடியில் ஊறிய தண்ணீரை நம்பி இருந்தவர்கள் இந்த மண்ணின் ஆதிக்குடிகளான வோங்கி ஜனங்கள். வந்தவர்கள் முதலில் குடித்துத் தீர்த்தது அந்தத் தண்ணீரை, பிறகுதான் தங்கத்தில் கை வைத்தார்கள். இதையும் உன் யாரோவிடம் சொல், தங்கம் தங்கம் என்று மட்டும் சொல்லாதே.

முதல் ஊர் கூடாரங்கள்தான். எவன் எங்கே வேண்டுமானாலும் முளையடிப்பான், பக்கத்து மேட்டில் தங்கம் என்று வதந்தி வந்தால் பொழுது சாய்வதற்குள் பிடுங்கிக்கொண்டு ஓடுவான். டைஃபாய்டு வந்த வருஷம் ஹால்வர்சன் என்று ஒரு நார்வேக்காரன் கூடாரத்துக்குள்ளேயே செத்துக் கிடந்திருக்கிறான், யாருக்கும் தெரியாது. இடது பக்கம் இருந்தவன் அன்றுதான் குடிவந்தவன், வலது பக்கம் இருந்தவன் முந்தின நாளே கிளம்பிப் போய்விட்டான். தெரிய வந்தபோது ஊரே வெட்கித் தலைகுனிந்தது என்பார்கள். அந்த வெட்கத்தில் பிறந்ததுதான் நம் ஊரின் ஒரே சட்டம், எந்தச் சர்க்கார் புத்தகத்திலும் இல்லாதது. காலையில் அடுப்பு மூட்டியதும் இரண்டு பக்கத்து வீட்டுப் புகைபோக்கியையும் பார்க்க வேண்டும். புகை வந்தால் சரி. வரவில்லை என்றால் சண்டைக்காரனாக இருந்தாலும் போய்க் கதவைத் தட்ட வேண்டும். ஊர் எங்கே நகர்ந்தாலும் இடது பக்கம் இருந்தவர் இடது பக்கமே, வலது பக்கம் இருந்தவர் வலது பக்கமே. பக்கத்து வீட்டை மாற்றிக்கொள்ளும் உரிமை மட்டும் யாருக்கும் கிடையாது.

ரயில் வந்தபோது ஊர் ஒரு முறை நகர்ந்தது. அப்புறம் நான் மீசை முளைக்காத பயலாக இருந்தபோது கிழக்கே புது ரீஃப், அதாவது தங்கம் ஓடும் பாறை, கிடைத்து இன்னொரு முறை. தகர வீடும் மரச் சட்டமும்தானே, பிரித்து வண்டியில் ஏற்றினால் ஆயிற்று. எங்கள் சமையலறையைப் பிரிக்காமலே ஏற்றினார்கள், ஜன்னல் திரை ஆடிக்கொண்டே போனதை இன்னும் பார்க்கிறேன். மதுக்கடையை மட்டும் கடைசியாகப் பிரித்து முதலில் எழுப்புவது வழக்கம். அது எப்படி முடியும் என்று காலகன் குடும்பத்தைத்தான் கேட்க வேண்டும், மூன்று தலைமுறையாக ரகசியத்தை விடமாட்டேன் என்கிறார்கள். ஊர் இப்படி அலைந்ததில் நகராமல் இருந்தது கல்லறைத் தோட்டம் ஒன்றுதான். இந்தத் தடவை சுரங்கக் கம்பெனி, நம் பெரிய தெருவுக்கு அடியிலேயே தங்கம் ஓடுகிறது, பள்ளத்தை அதுவரைக்கும் வெட்டப் போகிறோம், செலவெல்லாம் எங்களுடையது, உங்களுக்கு நல்ல இடம் தருகிறோம் என்று ஊர் மண்டபத்தில் வந்து நின்றது. வோங்கிக்காரி டல்சி மண்டபத்து வாசலில் நிழலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். வெளியே வந்த என்னைப் பார்த்து, “மறுபடியும் கெளம்பிட்டீங்களா? எங்க பாட்டன் காலத்துலருந்து பாக்குறோம், உங்க ஊருதான் ஓடிக்கிட்டே இருக்கு. எடம் அங்கேயேதான் இருக்கு” என்றாள். தொப்பியைத் தூக்கிக் காட்டிவிட்டு வீட்டுக்கு நடந்தேன்.

இனி உன் இடத்துக்கு வருகிறேன். நம் வீட்டுக்கும் மாரினோவிச் அம்மா வீட்டுக்கும் நடுவில் உன் சின்ன வீடு இருந்தது. நீ நம் ஊர் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவரை காலையில் அந்த அம்மாவின் புகையை நீ பார்த்தாய், உன் புகையை அவள் பார்த்தாள். ஆஸ்பத்திரியை மூடினார்கள், நீ கப்பல் ஏறினாய், வீட்டை ஆட்டுப் பண்ணைக்காரன் வாங்கி இரண்டு துண்டாக ஏற்றிக்கொண்டு போனான். நடுவில் வெறும் மண்ணும், மிளகு மாதிரிச் சிவப்புக் காய் தொங்கும் உன் மிளகு மரமும் நின்றன. நம் ஆடு சீமாட்டி, அந்த அம்மா தன் கல்யாணத்துக்குப் பிறந்த நாடு டால்மேஷியாவிலிருந்து கொண்டுவந்த சரிகை மேஜை விரிப்பைக் கொடியிலிருந்து இழுத்துத் தின்ற நாளிலிருந்து அவள் நம்மோடு பேசுவதில்லை என்பது உனக்குத் தெரியும். நீ இருந்தபோது நீ நடுவில் பலகாரத் தட்டுத் தூக்கிக்கொண்டு அலைந்து எங்கள் இரண்டு வீட்டையும் உறவாக வைத்திருந்தாய். நீ போன பிறகு அதுவும் இல்லை. அவள் வரிசையின் கடைசி வீடு, அந்தப் பக்கம் வெறும் புதர்க்காடு. இந்தப் பக்கம் உன் இடம் காலி. ஆக, அவள் புகையைப் பார்க்க வேண்டிய ஆள் என்று சட்டப்படி யாரும் இல்லை. போன குளிர்காலத்தில் அவள் அடுப்பங்கரையில் வழுக்கி விழுந்து இடுப்பு அசைக்க முடியாமல் கிடந்திருக்கிறாள். மறுநாள் விறகு போட வந்தவன் பார்த்துத்தான் ஊருக்குத் தெரிந்தது. இதை உனக்கு எழுத வேண்டாம் என்று அம்மா சொன்னாள், நீ கவலைப்படுவாய் என்று. இப்போது எழுதுகிறேன், ஏனென்றால் அது இல்லாமல் மற்றது புரியாது.

கூட்டம் நடந்த அன்று மண்டபத்தில் எள் போட்டால் எள் விழாது. கம்பெனி ஆள், நல்ல பிள்ளை, வெயிலில் மூக்கு சிவந்துபோய், புது ஊரின் படத்தை விரித்தான். வளைந்த தெருக்கள், ஆளுக்கு ஒரு மனை, சீட்டுக் குலுக்கி எடுத்துக்கொள்ளலாம், பிடிக்காத பக்கத்து வீட்டுக்காரரை விட்டுத் தள்ளிப் போக இதுதான் நல்ல வாய்ப்பு என்று சிரித்துக்கொண்டே சொன்னான். மண்டபம் முழுக்க ஒரு முணுமுணுப்பு. கூட்டத்தை நடத்திய மதுக்கடைக்காரன் பெர்ட் காலகன் எழுந்து, “தம்பி, பக்கத்து வீட்டுக்காரனைப் பொறுக்கி எடுக்குற பழக்கம் எங்க ஊர்ல கெடையாது. சகிச்சுக்கிறதுதான் பழக்கம். தெருவ வேணா வளைச்சுக்க, வரிசைய வளைக்காத” என்றான். அந்தப் பிள்ளை படத்தைச் சுருட்டிக்கொண்டான். அப்புறம் காலி இடங்களைக் கேட்கத் தொடங்கினார்கள். போனவர் திரும்பி வருவார் என்று வீட்டார் சொன்னால் புது ஊரிலும் அந்த அகலத்துக்கு இடம் விட வேண்டும், வரமாட்டார் என்றால் மூடிவிட வேண்டும். வரலாம், பார்க்கலாம் என்று இழுக்கக் கூடாது. சாம் பெங்கெல்லி தன் மகன் வருவான் என்றார். அந்தப் பையன் போய் எத்தனையோ காலம் ஆகிறது, ஒரு வரி எழுதுவதில்லை என்று எல்லாருக்கும் தெரியும். ஒருத்தரும் சிரிக்கவில்லை, சரி சாம் என்று இடம் விட்டார்கள்.

அடுத்து என் பெயர். நான் எழுந்திருக்கும்போதே அம்மா என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு, “வருவாள்னு சொல்லுங்க” என்றாள் மெதுவாக. அதைத்தான் சொல்வதாக இருந்தேன், சத்தியமாக. வாயைத் திறக்கும்போது கண் தானாகக் கடைசி பெஞ்சுக்குப் போயிற்று. மாரினோவிச் அம்மா கறுப்பு உடையில், கைத்தடியைச் சுவரில் சாய்த்துவிட்டு, எங்கள் பக்கம் திரும்பாமல் பின்னிக்கொண்டிருந்தாள். அவளுக்கு அந்தப் பக்கமும் காலி, இந்தப் பக்கமும் காலி. நான் வருவாள் என்று சொன்னால் புது ஊரிலும் அவள் அப்படியேதான். உன்னுடைய வெறும் மண்ணுக்குப் பக்கத்தில் அந்தக் கிழவி இன்னொரு தடவை விழுந்து கிடப்பாள். இது என் மனதில் ஓடி முடிவதற்குள் என் வாய் சொல்லிவிட்டது. “இல்ல பெர்ட், அவ வரல. மூடிருங்க” என்றேன். அம்மாவின் கை என் முழங்கையை விட்டுப் போயிற்று. கடைசி பெஞ்சில் ஊசி நின்றது, ஆனால் அவள் தலையைத் தூக்கவில்லை. உட்கார்ந்தேன் நெரிடா. உன்னை நானே என் கையால் அனுப்பிவைத்தது போல இருந்தது, துறைமுகத்தில் நின்று கையாட்டிய அன்றுகூட எனக்கு அப்படி இல்லை.

வீட்டுக்கு வந்து அம்மா பாத்திரங்களை உருட்டிய உருட்டில் ஊர் முழுக்க என் தலைவிதி தெரிந்திருக்கும். “அவ வரமாட்டேன்னு அவளே ஒரு வார்த்த சொல்லல. பெத்த நீங்க எப்படிச் சொன்னீங்க?” என்று கேட்டாள். வந்தால் நம் வீட்டை விட்டு வேறு எங்கே தங்கப் போகிறாள் என்றேன். “அது வேற. தனக்குன்னு ஒரு எடம் காத்துக்கிட்டு இருக்குன்னு ஒருத்திக்குத் தெரியணும்ல. பொண்ணோட பேர்ல இருந்த வெத்து மண்ண அந்தச் சரிகைக்காரிக்குத் தூக்கிக் குடுத்துட்டீங்க” என்றாள். அதில் பாதி உண்மை, அதனால்தான் எனக்குக் கோபம் வந்தது. நானும் இரண்டு வார்த்தை பேசினேன், அவளும் பேசினாள், அப்புறம் உப்பு எங்கே, கண்ணாடி எங்கே என்பதோடு பேச்சு நின்றது. பெட்டி கட்டும்போதும் அப்படித்தான். உன் மிளகு மரத்தை எடுத்துப்போக முடியாது என்று தெரிந்து, அதனடியில் முளைத்திருந்த கன்று ஒன்றைப் பால்பவுடர் டப்பாவில் வைத்து மடியில் வைத்துக்கொண்டு வந்தாள், என்னிடம் பிடிக்கக்கூடக் கொடுக்கவில்லை. நம் வீடு நீளமான லாரியில் ஏறிப் போனதைப் பார்க்க ஜனங்கள் வரிசையாக நின்றார்கள். மாரினோவிச் அம்மா வீடு அடுத்த லாரியில். புது ஊரில் இறக்கிவைத்தபோது இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு வேலி போடும் அளவுக்குத்தான் இடைவெளி. அம்மா அதைப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

இனி நடந்ததைக் கேள், என் மானம் போன கதை. வீட்டை ஏற்றும்போது குழாயிலிருந்து கரி கொட்டாமல் இருக்க அடுப்புப் புகைபோக்கிக்குள் கோதுமைச் சாக்கை அடைத்துவைப்பது இங்கே எல்லாரும் செய்வதுதான். இறக்கியதும் முதல் வேலையாகச் சாக்கை எடுக்க வேண்டும். அம்மா சொல்லியிருந்தாள், உப்பு கேட்கும் குரலில் சொன்னதால் என் மண்டையில் ஏறவில்லை. முதல் நாள் காலை, அவளுக்கு முன்னால் எழுந்து தேநீர் போட்டுக் கொடுத்து மனதை மாற்றலாம் என்று அடுப்பை மூட்டினேன். புகை மேலே போக வழியில்லாமல் மொத்தமும் சமையலறைக்குள் திரும்பியது. இருமல் தாங்கவில்லை, கண் தெரியவில்லை, கை ஓடவில்லை கால் ஓடவில்லை. கதவைத் தடவித் தேடிக்கொண்டிருக்கும்போதே வெளியிலிருந்து கதவில் தடியால் ஒரு இடி விழுந்தது. “ட்ரெலோர்! ஏ ட்ரெலோர்! செத்துட்டியா? செத்துருந்தா சொல்லித் தொலை, நான் போய் ஊர்ல சொல்லணும்!” அந்தக் குரலை நான் எத்தனை காலமாகக் கேட்கவில்லை தெரியுமா. கதவைத் திறந்ததும் புகையெல்லாம் அவள் முகத்தில். தலையில் துணி கட்டிக்கொண்டு, ஒரு காலில் செருப்பு, ஒரு காலில் இல்லை. உன் அம்மா இரவு உடையோடு பின்னால் வந்து நிற்கிறாள். கிழவி உள்ளே நுழைந்து அண்ணாந்து பார்த்து, தடியால் புகைபோக்கிக் குழாயில் ஓங்கி ஒரு போடு போட்டாள். சாக்கும் கரியும் மொத்தமாக என் தலையில் கொட்டின. அம்மா சிரிக்க ஆரம்பித்தாள். நெரிடா, சுவரைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். கூட்டம் முடிந்த நாளிலிருந்து அந்தச் சத்தம் நம் வீட்டில் இல்லை.

மாரினோவிச் அம்மா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள், தேநீர் வேண்டுமா என்று யாரும் கேட்கவில்லை, அவளும் கேட்கவில்லை, ஊற்றி வைத்தோம். பாதி குடித்துவிட்டு, “அந்த ஆடு?” என்றாள். செத்துப்போயிற்று என்றேன். “நல்லது” என்றாள். மீதியைக் குடித்துவிட்டு அம்மாவைப் பார்த்து, “நெரிடா எப்படி இருக்கா?” என்று கேட்டாள். அம்மா எழுந்து போய் உன் கடிதத்தை எடுத்துவந்து முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்து வரை அவளுக்குப் படித்துக் காட்டினாள், யாரோ ஒருவரையும் விடாமல். கிழவி அந்த இடத்தில் தடியைத் தரையில் தட்டினாள், என்ன அர்த்தத்தில் என்று எனக்குத் தெரியாது, பெண்கள் இரண்டு பேருக்கும் புரிந்தது. அவள் போன பிறகு அம்மா மிளகுக் கன்றை டப்பாவோடு தூக்கிக்கொண்டு வந்து, எங்கே வைக்கலாம் என்று என்னைக் கேட்டாள். இரண்டு வீட்டுக்கும் நடுவில், வேலி வரவேண்டிய இடத்தில் வைத்தோம். வேலி போடவில்லை. வந்து உட்கார்ந்ததும்தான் தாளை நீட்டி, “நீங்களே எழுதுங்க. வரமாட்டாள்னு சொன்னது நீங்கதான்” என்றாள். கோபம் போய்விட்டது, ஆனால் முழுவதும் இல்லை, அந்த மிச்சம் உன் மேல் இருக்கும் ஆசை, அதை நான் எடுத்துவிட நினைக்கவில்லை.

இதனால் உனக்கு இங்கே இடமில்லை என்று எண்ணிவிடாதே மகளே. உன் கட்டில் நம் பின்னறையில் இருக்கிறது, மூலையில் நீ பெயர் கிறுக்கிய அதே பலகையோடு வந்து சேர்ந்திருக்கிறது. நீ நாளைக்கே வந்தாலும் சரி, தலை நரைத்து வந்தாலும் சரி, வராமலே அங்கே சுகமாக இருந்தாலும் சரி. மண்ணைக் காலியாக வைத்துக்கொண்டு உன்னை இழுத்துப் பிடிக்கும் அப்பாவாக இருக்க எனக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான்.

பாலில் கொஞ்சம் இஞ்சி போட்டுக் குடி, ஈரத் தலையோடு வெளியே போகாதே. இன்னொன்றை மறக்காமல் எழுது. அங்கே உங்கள் கட்டடத்தில் எல்லாம் வாயு அடுப்பு, புகையே வராது என்று ஒரு முறை சொன்னாய். அன்றிலிருந்து எனக்குள் ஒரு கேள்வி கிடக்கிறது. காலையில் உன் ஜன்னல் திரை விலகவில்லை என்றால் படியேறி வந்து உன் கதவைத் தட்டும் ஆள் யார்? அது அந்த யாரோ ஒருவர்தான் என்றால் அவருடைய பெயரை எழுது, அவர் தட்டட்டும், நாங்கள் நிம்மதியாக இருப்போம். வேறு ஒருத்தர் என்றால் அந்தப் பெயரை எழுது. யாருமே இல்லை என்றால் அதையும் மறைக்காமல் எழுது, பெர்ட்டைக் கூப்பிட்டு உன் இடத்தைத் திறக்கச் சொல்கிறேன், மாரினோவிச் அம்மா தன் வீட்டைத் தள்ளி வைத்துக்கொள்ளத் தயார் என்று தானாகவே சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள்.

எந்த ஊரில் எழுந்தாலும் உன் காலை நல்ல காலையாக விடியட்டும், ஆண்டவர் உன்னைக் கண்ணுக்குள் வைத்துக் காக்கட்டும். அம்மா உன் நெற்றியில் முத்தம் வைக்கச் சொல்கிறாள், தாளில்தான் வைக்க முடியும், ஓரத்தில் இருக்கும் அந்தக் கரி அடையாளம் அதுதான்.

உன் பெயருக்காக ஒவ்வொரு தபாலையும் எதிர்பார்த்திருக்கும்
அப்பா,
ஹெக்டர் ட்ரெலோர்